ஐந்து பேர் மட்டும் கூடிய திருமணத்துக்கு வீடியோ எடுக்க ஆள் வைக்கலாமா? ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

மணமக்கள் இருவரும் முப்பதுகளில் இருப்பவர்கள். விருந்தினர் பட்டியல், மேடை, விருந்து எதுவும் வேண்டாம் என்று முடிவு செய்திருந்தார்கள். காலையில் அலுவலகத்தில் சட்டப்படிப் பதிவு. மாலையில் ஓர் ஓடைக்கரையில் நின்று, ஒருவருக்கொருவர் எழுதி வைத்திருந்த உறுதிமொழிகளை வாசிப்பது. கூட இருக்கப்போவது நிகழ்வை நடத்திவைக்கும் நண்பர் ஒருவரும் சாட்சிகள் இருவரும் மட்டுமே. வீட்டை எதிர்த்து ஓடிப்போன கல்யாணம் இல்லை இது. பெற்றோருக்கு எல்லாம் தெரியும். மற்ற உறவினர்களுக்குப் பத்து நாள் கழித்துச் சொல்வதாக ஏற்பாடு.

புகைப்படக்காரரை முன்பே பேசி முடித்திருந்தார்கள். வீடியோவும் வேண்டுமா என்ற கேள்வி திருமணத்துக்கு நான்கு மாதங்களுக்கு முன்பு எழுந்தது. கேட்டுப் பார்த்த முதல் இடத்தில் சொன்ன தொகை, அன்றைய நாளுக்கு ஒதுக்கியிருந்த மொத்தப் பணத்தில் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு. இரண்டு கேமராக்காரர்கள், ஒரு ட்ரோன், எட்டு மணி நேரம். ஐந்து பேர் கூடும் இடத்தில் புகைப்படக்காரரையும் சேர்த்து வேலைக்கு வந்தவர்கள் மூன்று பேர் என்றாகிவிடும்.

இருவர் தரப்பு

மணமகள் வீடியோ வேண்டும் என்றார். அவருடைய அம்மாவால் பயணம் செய்ய முடியாது. பார்வையும் சில ஆண்டுகளாக மங்கிக்கொண்டே வருகிறது. புகைப்படத்தைக் கையில் கொடுத்தால் அவருக்கு உருவங்கள்தான் தெரியும், முகபாவம் தெரியாது.

மணமகன் வேண்டாம் என்றார். சிறுவயதில் அவருக்குத் திக்குவாய் இருந்தது. இப்போது பேச்சில் அது வெளியே தெரிவதில்லை. ஆனால் கேமரா தன்னை நோக்கி இருப்பது தெரிந்தால் திரும்பி வந்துவிடும். உறுதிமொழி வாசிக்கும் அந்த இரண்டு மூன்று நிமிடங்களில் அப்படி நடந்துவிடுமோ என்று பயந்தார்.

இரண்டு வாரம் பேச்சு ஒரே இடத்தில் நின்றது. ‘பின்னால் வருத்தப்படுவோமா?’ என்று இருவரும் மாறி மாறிக் கேட்டுக்கொண்டார்கள். அந்தக் கேள்வியால் பயனில்லை என்பதே நம் கருத்து. யாராலும் அதற்குப் பதில் சொல்ல முடியாது. வீடியோ விற்பவர்கள் எல்லோரும் அதையே கேட்பதற்குக் காரணமும் அதுதான். பேச்சு நகர்ந்தது கேள்வியை மாற்றியபோதுதான்: இதை யார் பார்ப்பார்கள்? எத்தனை தடவை? புகைப்படத்தில் கிடைக்காத எது நமக்கு வேண்டும்? இருவரும் தனித்தனியாகத் தாளில் எழுதினார்கள். மணமகள் எழுதிய முதல் வரி, ‘அம்மா எங்கள் குரலைக் கேட்க வேண்டும்.’ மணமகனின் தாளிலும் குரல் இருந்தது, மூன்றாவது வரியாக. ட்ரோன் காட்சி, மெதுவாக நகரும் நடை, பின்னணி இசை ஆகியவை இரண்டு தாள்களிலும் இல்லை.

தேவை முதலில் குரல், அதன் பிறகே படம் என்பது இப்படித்தான் தெளிவானது.

இடத்தில் செய்த சோதனை

குரல்தான் வேண்டும் என்றால் போனிலேயே பதிந்துகொள்ளலாமே என்று மணமகன் கேட்டார். நியாயமான கேள்விதான். விழாவுக்கு ஆறு வாரம் முன்பு, அது நடக்கவிருந்த அதே மாலை நேரத்தில் அந்த இடத்துக்குப் போய்ச் சோதித்துப் பார்த்தார்கள். ட்ரைபாடில் போனை வைத்து, முதலில் 8 மீட்டர் தள்ளியும் பிறகு 4 மீட்டர் தள்ளியும் பதிவு செய்தார்கள். ஒருவர் செய்தித்தாளிலிருந்து ஒரு பத்தியைச் சாதாரணக் குரலில் வாசித்தார்.

8 மீட்டரில் ஓடைச் சத்தம் மட்டுமே பதிவானது. 4 மீட்டரில், யாரோ பேசுகிறார்கள் என்பது தெரிந்தது, என்ன பேசுகிறார்கள் என்று தெரியவில்லை. நேரில் நின்று கேட்டவர்களுக்கு எல்லாம் தெளிவாகக் கேட்டதால் இது அவர்களுக்கு வியப்பாக இருந்தது. நம் காது வேண்டிய குரலைப் பிரித்தெடுத்துக் கேட்கும். மைக் வந்ததையெல்லாம் அப்படியே வாங்கும்.

காரணம் கணக்கில் இருக்கிறது. திறந்தவெளியில் தூரம் இருமடங்கானால் குரலின் அளவு 6 டெசிபெல் (ஒலியளவின் அலகு) குறையும். மோவாய்க்கு 20 செ.மீ. கீழே சட்டையில் குத்திய காலர் மைக்குக்கும் 5 மீட்டர் தள்ளி நிற்கும் கேமராவின் மைக்குக்கும் உள்ள தூர வித்தியாசம் 25 மடங்கு. அதாவது குரல் 28 டெசிபெல் குறைந்து போய்ச் சேரும். ஓடைச் சத்தமோ இரண்டு இடத்திலும் கிட்டத்தட்ட ஒரே அளவு. எடிட்டிங்கிலும் அதை நீக்குவது கடினம். காற்றின் உறுமல் பெரும்பாலும் தாழ்ந்த அலைவரிசையில் இருக்கும். 80 முதல் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டிவிட்டால் பாதித் தொல்லை தீரும். ஓடும் நீரின் சத்தம் பேச்சு இருக்கும் அதே அலைவரிசை முழுவதும் பரவியிருக்கிறது. அதை வெட்டப்போனால் மெய்யெழுத்துகளும் சேர்ந்து போய்விடும்.

அதே சோதனையில் இன்னொன்றும் தெரிந்தது. பதிவின் நடுவே போனுக்கு ஓர் அழைப்பு வந்து வீடியோ நின்றுவிட்டது. ஏரோப்பிளேன் மோடில் போட்டால் தீரும் விஷயம்தான். ஆனால் அதை நினைவில் வைத்திருக்க வேண்டியவர் சாட்சியாக நிற்கும் நண்பர்.

எடைபோட்ட வழிகள்

மூன்று வழிகள் மேசையில் இருந்தன.

முதல் வழி, வெளியாள் யாரும் இல்லாமல் செய்வது. மணமகனின் சட்டைக்குள் ஒரு சிறிய ரெக்கார்டர், ட்ரைபாடில் ஒரு போன். செலவு மிகக் குறைவு. சாட்சிகளில் ஒருவர் கருவிகளைப் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கும். வாழ்க்கையில் முக்கியமான ஐந்தில் ஒருவரை ஆபரேட்டராக மாற்றுவதில் மணமகளுக்கு உடன்பாடில்லை. தொழில்நுட்பச் சிக்கலும் உண்டு. பல போன்களில், நொடிக்கு எத்தனை ஃபிரேம் (வீடியோவின் தனித்தனிப் படம்) பதிவாகிறது என்பது மாறிக்கொண்டே இருக்கும். தனி ரெக்கார்டரின் ஒலியை அதோடு சேர்த்தால் சில நிமிடங்களில் உதடும் குரலும் விலகத் தொடங்கும். எடிட்டிங் பழக்கம் உள்ளவர் சரிசெய்துவிடுவார். இவர்களுக்கு அந்தப் பழக்கம் இல்லை.

இரண்டாம் வழி, புகைப்படக்காரரே வீடியோவும் எடுப்பது. அவரே முன்வந்தார், கூடுதல் தொகையும் சிறியது. பலரும் இங்கேதான் ஏமாந்து போகிறார்கள் என்பதால் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. வீடியோவுக்கு ஷட்டர் வேகம் பொதுவாக ஃபிரேம் வேகத்தின் இருமடங்கு. நொடிக்கு 25 ஃபிரேம் என்றால் 1/50 நொடி. அந்த வேகத்தில் ஓடும் வீடியோவிலிருந்து படம் பிரித்தெடுத்தால், கை அசைந்த இடமெல்லாம் கலங்கியிருக்கும். 4கே ஃபிரேம் ஒன்றில் இருப்பது சுமார் 8 மெகாபிக்சல்தான். புகைப்படத்துக்கு 1/250 நொடியைவிட வேகமாக வைத்தால், அதே அமைப்பில் எடுக்கும் வீடியோ வெட்டி வெட்டி ஓடுவதுபோல் தெரியும். ஆக, மோதிரம் மாற்றும் இருபது நொடியில் அவர் ஒன்றை விட்டால்தான் இன்னொன்று கிடைக்கும். எதை விடுவீர்கள் என்று நேராகக் கேட்டார்கள். ‘வீடியோவை’ என்று அவரும் நேர்மையாகச் சொன்னார்.

மூன்றாம் வழி, தனி வீடியோகிராஃபர். எட்டு மணி நேரப் பேக்கேஜ் இல்லாமல், ஒரே ஆள், இரண்டரை மணி நேரம், ட்ரோன் கிடையாது. ட்ரோனை மறுக்க முதல் காரணம் அதன் இரைச்சல். உறுதிமொழியின்போது தலைக்கு மேல் அது பறந்தால் எந்த மைக்காலும் காப்பாற்ற முடியாது.

மூன்றாவதையே எடுத்தார்கள். முதலில் கேட்ட தொகையில் ஏறக்குறைய பாதி ஆனது.

ஆளைத் தேர்ந்ததும் ஒப்பந்தமும்

மூன்று பேரிடம் பேசினார்கள். எல்லோரும் மூன்று நிமிட ஹைலைட் படங்களை அனுப்பினார்கள். இசை ஓடும் மூன்று நிமிடத்தில் யாருடைய வேலையும் நன்றாகத்தான் இருக்கும். ஆகவே வெட்டாத முழு விழாப் பதிவு ஒன்றைத் திறந்தவெளியில் எடுத்ததாகப் பார்த்து அனுப்பச் சொன்னார்கள். ஒருவர் அனுப்பவே இல்லை. இன்னொருவரின் பதிவில் காற்று மைக்கை அறைந்துகொண்டிருந்தது. மூன்றாமவருடையதில் குரல் தெளிவாக இருந்தது, படம் சாதாரணம். அவரையே தேர்ந்தார்கள்.

பிறகு மணமகன் அவரை நாற்பது நிமிடம் சந்தித்தார். கேமராவை எடுக்கவே வேண்டாம் என்று கேட்டுக்கொண்டிருந்தார். தன் பேச்சுச் சிக்கலை அவரே சொன்னார். அந்தச் சந்திப்பில்தான் நிபந்தனைகள் உருவாயின. ஆறு மீட்டருக்குள் வருவதில்லை. ‘இன்னொரு தடவை செய்யுங்கள்’ என்று கேட்பதில்லை. எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்று சொல்வதில்லை. ஃபுல் ஃபிரேம் (பெரிய சென்சார் கொண்ட) கேமராவில் 200 மி.மீ. லென்ஸ் போட்டால், 6 மீட்டரில் சட்டகத்தின் அகலம் ஒரு மீட்டருக்குச் சற்று அதிகம். ஒருவரின் முகமும் தோளும் அதில் நிறையும். அந்த நீள லென்ஸில் கை நடுக்கம் பெரிதாகத் தெரியும் என்பதால் மோனோபாட் (ஒற்றைக்கால் தாங்கி) கொண்டுவருவதாக அவர் சொன்னார்.

ஒலிக்கு மணமக்கள் இருவருக்கும் காலர் மைக், உடம்பிலேயே பதிவாகும் ரெக்கார்டருடன். வயர்லெஸ் இணைப்பை மட்டும் நம்பினால், நடுவில் ஓர் உடல் மறைத்தாலே 2.4 ஜிகாஹெர்ட்ஸ் சிக்னல் அறுபடலாம். ரெக்கார்டரில் 32 பிட் ஃப்ளோட் முறை இருந்தது. குரல் திடீரென்று உயர்ந்தாலும் தாழ்ந்தாலும் பின்னால் சரிசெய்ய இடம் கிடைக்கும்.

அவருடைய வழக்கமான ஒப்பந்தத் தாளில், எடுத்த காட்சிகளைத் தன் விளம்பரத்துக்குப் பயன்படுத்தலாம் என்று ஒரு வரி இருந்தது. இப்படிப்பட்ட வரி இருப்பது சாதாரணம். அதை அடித்துவிட்டு, எழுத்தில் அனுமதி தரும்வரை எங்கும் வெளியிடக்கூடாது என்று எழுதினார்கள். மேலும் நான்கைச் சேர்த்தார்கள்: ஒலிக்கோப்பு மட்டும் ஐந்து நாளில், வெட்டாத விழா மூன்று வாரத்தில், ஐந்து நிமிடப் படம் எட்டு வாரத்தில், திருத்தம் இரண்டு சுற்று. மூலக் காட்சிகளையும் கேட்டுப் பெற்றார்கள். நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் ஒரு மணி நேரப் பதிவு 45 ஜிபி வரும். ஆகவே ஒரு ஹார்ட் டிஸ்க் வாங்கிக் கொடுத்தாலே போதும். மழை வந்தால் மறுநாள் காலை என்பதும் எழுதப்பட்டது. அது தேவைப்படவில்லை.

அன்று நடந்தது

மாலை 5 மணிக்குத் தொடக்கம். வீடியோகிராஃபர் 4 மணிக்கே வந்து, ட்ரைபாட் கேமராவை மரத்தடியில் நிறுத்தினார். எல்லோரும் கூடிய பிறகு கேமராவைத் தொடக் குறுக்கே நடக்கக்கூடாது என்பதற்காக 4:58க்கே பதிவைத் தொடங்கிவிட்டு, மோனோபாட் கேமராவோடு பின்னால் போய் நின்றார்.

மணமகனின் மைக்கை அவர் சட்டையில் பொருத்துவது எளிதாக முடிந்தது. வயரில் சிறு சுழி போட்டு உள்பக்கமாக டேப் ஒட்டினார். வயர் எங்காவது இழுபட்டால் அந்தச் சுழி தளரும், சத்தம் மைக்குக்கு ஏறாது. மணமகளின் உடையில் சிக்கல். கழுத்துப்பகுதி விறைப்பான சரிகைத் துணி. அன்றுவரை அந்த உடையை யாருக்கும் காட்டக்கூடாது என்று வைத்திருந்ததால் யாரும் மைக்கைக் குத்திப் பார்த்திருக்கவில்லை. எங்கே குத்தினாலும் மூச்சு விடும்போதெல்லாம் சரசரத்தது. கடைசியில் உள்விளிம்பில் வைத்தார்கள்.

மோதிரங்களை வைத்திருந்த சாட்சி வழி தவறி 14 நிமிடம் தாமதமாக வந்தார். நண்பரின் முன்னுரை, மணமகளின் உறுதிமொழி ஆகியவை முடிந்து மணமகன் தன் தாளைப் பிரித்தபோது 5:26. அவர் வாசித்துக்கொண்டிருக்கையில், பதிவு தொடங்கி 29 நிமிடம் 59 நொடியில் ட்ரைபாட் கேமரா தானாக நின்றது. பழைய கேமராக்கள் பலவற்றில் உள்ள எல்லை இது. யாருக்கும் தெரியவில்லை. மோனோபாட் கேமரா அந்த நேரத்தில், கேட்டுக்கொண்டிருந்த மணமகளின் முகத்தில் இருந்தது. விளைவு, மணமகனின் உறுதிமொழியில் கடைசி ஒன்றரை நிமிடத்துக்கு அவர் முகம் எந்தக் கேமராவிலும் இல்லை.

அந்த ஒன்றரை நிமிடத்துக்குள் அவர் இரண்டு இடத்தில் திக்கினார். ஒரு சொல்லில் நான்கு நொடி நின்றது. மணமகள் எதுவும் சொல்லாமல், அவர் தாளைப் பிடித்திருந்த கையின்மேல் தன் கையை வைத்தார். அவர் மீண்டும் தொடங்கினார். காட்சியில் தெரிவது மணமகளின் முகமும் கீழ்நோக்கி நகரும் தோளும் மட்டும்.

பிறகு

வீடியோகிராஃபர் அன்றிரவே கோப்புகளை இரண்டு டிஸ்க்கில் நகலெடுத்தபோது கேமரா நின்றதைக் கண்டுபிடித்து, மறுநாள் காலையே தகவல் சொன்னார். காத்திருந்து படத்தோடு சொல்லியிருந்தால் உறவு கெட்டிருக்கும்.

ஒலி நான்காம் நாள் வந்தது. மணமகளின் மைக்கில் சரிகைச் சத்தம் பல இடங்களில் குரலைத் தின்றிருந்தது. ஆனால் இருவரும் எதிரெதிரே சுமார் 60 செ.மீ. இடைவெளியில் நின்றதால், மணமகனின் மைக்கில் மணமகளின் குரலும் நன்றாகவே விழுந்திருந்தது. 20 செ.மீ.க்கு 60 செ.மீ. என்றால் வித்தியாசம் சுமார் 9.5 டெசிபெல்தான். அதை உயர்த்திச் சரிசெய்ய முடிந்தது.

அம்மாவுக்கு முதலில் போனது அந்த ஒலிக்கோப்பு, எதுவும் வெட்டாமல். வீடியோ வந்த பிறகும் அவர் ஒலியைத்தான் கேட்கிறார்.

திக்கிய இடங்களை என்ன செய்வது என்பதில் கருத்து வேறுபாடு வந்தது. மணமகன் வெட்டச் சொன்னார், மணமகள் வேண்டாம் என்றார். முடிவு: வெட்டாத விழாப் பதிவில் இரண்டும் அப்படியே இருக்கும். பிறர் பார்க்கும் ஐந்து நிமிடப் படத்தில், நான்கு நொடி நின்ற இடம் மட்டும் நீக்கப்படும். பேசியவர் விருப்பம் பொதுப் படத்தில் மேலோங்க வேண்டும் என்று மணமகளே ஒத்துக்கொண்டார். அது சரியான முடிவு. முகம் இல்லாத ஒன்றரை நிமிடத்தை எடிட்டிங்கில் மணமகளின் முகத்தைக் கொண்டே நிரப்பினார்கள். பார்ப்பவர்களுக்குக் குறையாகத் தெரிவதில்லை. ஆனாலும் அது தற்செயலாக அமைந்தது. அந்தக் கேமரா அப்போது ஓடையைப் பார்த்துக்கொண்டிருந்தால் கதை வேறு.

எதிர்பாராத கசிவு வேறு பக்கத்திலிருந்து வந்தது. வீடியோ ஒப்பந்தத்தில் வெளியீட்டைத் தடுத்தவர்கள், அதற்கு முன்பே கையெழுத்தான புகைப்பட ஒப்பந்தத்தைத் திரும்பப் பார்க்கவில்லை. மூன்றாம் நாள் புகைப்படக்காரர் கைகள் மட்டும் தெரியும் ஒரு படத்தை, இடத்தின் பெயரோடு, தன் பக்கத்தில் போட்டார். ஓர் உறவினர் மோதிரத்தை அடையாளம் கண்டு போன் செய்தார். பத்து நாள் கழித்துச் சொல்ல நினைத்ததை அன்று மாலைக்குள் எல்லோருக்கும் சொல்லவேண்டியதாயிற்று. ஒப்பந்தப்படி புகைப்படக்காரர் மேல் தவறில்லை.

மாற்ற வேண்டியவை

ஆள் வைத்த முடிவை இருவரும் இன்றும் சரி என்கிறார்கள். மணமகன் சொல்லும் காரணம், ஆறு மீட்டர் தூரத்தில் நின்றவரைத் தான் மறந்துபோனது. திக்கியதற்குக் காரணம் கேமரா இல்லை, எழுதி வைத்த வரிதான் என்கிறார்.

நடைமுறையில் மாற வேண்டியவை சில. ட்ரைபாட் கேமராவுக்குப் பதிவு நேர எல்லை உண்டா என்று முன்கூட்டியே கேட்க வேண்டும். எல்லை இருந்தால், முன்னுரை முடியும் இடத்தில் ஒருமுறை நிறுத்தித் தொடங்குவதை நடத்திவைப்பவரோடு பேசி வைக்கலாம். நண்பர் ஒரு நிமிடம் அமைதி கேட்டிருந்தால் போதுமானதாக இருந்திருக்கும். தாமதமானால் அதை வீடியோகிராஃபரிடம் சொல்ல ஒருவரை நியமிக்க வேண்டும்.

உடையை மறைத்து வைக்க விரும்பினால், அதே துணியில் ஒரு கை அகலத் துண்டு கிடைத்தாலும் போதும். மைக்கைக் குத்தி, தேய்த்து, ஹெட்ஃபோனில் கேட்டுப் பார்த்துவிடலாம். சத்தம் வரும் துணி என்றால், எதிரே நிற்பவரின் சட்டையில் இரண்டாவது ரெக்கார்டரைக் கூடுதலாக வைப்பது மேல். ஒன்று பழுதானாலும் இரு குரல்களும் கிடைக்கும்.

ஒருவர் முகத்தை ஒரு கேமரா மட்டுமே பார்த்துக்கொண்டிருக்கும் நிலை உறுதிமொழியின்போது வரக்கூடாது. கூடுதல் ஆள் வேண்டாம் என்றால், மூன்றாவதாக ஒரு சிறிய கேமராவை எதிர்க்கோணத்தில் கட்டிவைத்துவிடலாம்.

வெளியீடு பற்றிய வரி அன்று கேமரா வைத்திருக்கும் எல்லோருடைய ஒப்பந்தத்திலும் ஒரே சொற்களில், ஒரே தேதியோடு இருக்க வேண்டும். இடத்தின் பெயரைப் போடுவதும் வெளியீடுதான் என்று அதில் எழுத வேண்டும். சாட்சிகளின் போன்களுக்கும் இது பொருந்தும். அவர்களிடம் வாய்மொழியாகச் சொன்னாலே போதும்.

மூலக் காட்சிகள் இப்போது வீட்டில் ஒரு டிஸ்க்கிலும் மணமகளின் அம்மா வீட்டில் இன்னொரு டிஸ்க்கிலும் இருக்கின்றன. ஒலிக்கோப்பு மட்டும் மூன்றாவதாக இணையச் சேமிப்பிலும் இருக்கிறது.